எலக்ட்ரிக் ட்ரீம்ஸ் (1984): கணினி காதலித்த கதையை மறுபடி பார்க்கிறவர்களுக்கு

இது எந்தப் படம்? கதையைச் சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

1984 ஜூலையில் அமெரிக்காவில் திரைக்கு வந்த ஆங்கிலப் படம். கதை நடக்கும் ஊர் சான் ஃபிரான்சிஸ்கோ. மைல்ஸ் ஹார்டிங் இளம் கட்டடக்கலைஞன். நிலநடுக்கம் வந்தாலும் குலையாதபடி ஒன்றுக்குள் ஒன்று பூட்டிக்கொள்ளும் செங்கல்லை உருவாக்கிவிட வேண்டும் என்பது அவன் கனவு. ஆனால் எங்கே போனாலும் தாமதம், எதையாவது மறந்துவிட்டு வருவது. நேரத்தைக் குறித்து வைத்துக்கொள்ளச் சின்னதாக ஒரு கருவி வாங்கலாமென்று கடைக்குப் போகிறவன், ஒரு முழுக் கணினியையே வாங்கிக்கொண்டு வீடு திரும்புகிறான். அதே சமயத்தில் மேல்மாடிக்கு மேடலின் என்ற பெண் குடிவருகிறாள். இசைக்குழுவில் செல்லோ வாசிக்கிறவள். வயலின் மாதிரியே வில்லால் வாசிக்கும், அதைவிடப் பெரிய வாத்தியம் அது. மைல்ஸுக்கு அவள்மேல் காதல் வருகிறது. அவன் வீட்டுக் கணினிக்கும் வருகிறது.

மைல்ஸாக லென்னி வான் டோலன், மேடலினாக வர்ஜீனியா மேட்சன். கணினியின் பெயர் எட்கர், அதற்குக் குரல் கொடுத்தவர் பட் கார்ட். எழுதியவர் ரஸ்டி லெமராண்டே, இயக்கியவர் ஸ்டீவ் பேரன். இசை ஜார்ஜியோ மொரோடர்.

முடிவையும் சொல்லிவிடுவீர்களா?

சொல்லப்போகிறேன். இதுவரை பார்க்காதவர்கள் முதலில் பார்த்துவிட்டு வாருங்கள். இந்தப் படத்தின் உயிர் கடைசிப் பத்து நிமிடத்தில் இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டு பார்த்தாலும் கெட்டுப்போகாது என்பது என் அனுபவம், ஆனால் தெரியாமல் பார்க்கிற வாய்ப்பு ஒருமுறைதான் கிடைக்கும்.

கணினிக்கு உணர்வு எப்படி வருகிறது? அது நம்பும்படியாக இருக்கிறதா?

மைல்ஸ் தன் புதுக் கணினியைத் தொலைபேசி வழியாக அலுவலகத்தின் பெரிய கணினியோடு இணைத்து, அங்கே இருப்பதை எல்லாம் வீட்டுக்கு இறக்கப் பார்க்கிறான். தாங்க முடியாமல் அது சூடாகிப் புகைகிறது. பதற்றத்தில் கைக்கு எட்டிய ஷாம்பெயினை எடுத்து அதன்மேல் ஊற்றிவிடுகிறான். அணைந்துபோக வேண்டியது, விழித்துக்கொள்கிறது.

நிஜத்தில் என்ன நடக்கும் என்று உங்களுக்கே தெரியும். மின்சாரம் ஓடும் சுற்றுப்பலகையில் சர்க்கரை கலந்த திரவம் பட்டால் குறுக்குச்சுற்று ஏற்படும். காய்ந்த பிறகும் பிசுபிசுப்பு தங்கி, உலோகத் தடங்களை அரித்துக்கொண்டே இருக்கும். அறிவு பிறக்க அங்கே வழியே இல்லை.

ஆனால் இந்தக் காட்சியை விளக்கமாகப் பார்க்கக் கூடாது, தேவதைக் கதையாகப் பார்க்க வேண்டும். மரப்பொம்மைக்கு உயிர் வருகிற கதையில் எப்படி வந்தது என்று யாரும் கேட்பதில்லை, வந்த உயிரை அது என்ன செய்தது என்பதுதான் கேள்வி. இந்தப் படமும் அந்த மரபைச் சேர்ந்தது. இதை ஏற்றுக்கொண்டுவிட்டால் மற்றதெல்லாம் தானாக நகரும்.

அலுவலகக் கணினியில் இருப்பதை எல்லாம் வீட்டுக்கு இறக்குவது அந்தக் காலத்தில் முடிந்திருக்குமா?

வாய்ப்பே இல்லை. அன்றைக்குச் சில வீடுகளில் இருந்தது அக்கூஸ்டிக் கப்ளர் எனப்படும் இணைப்பான். தொலைபேசியின் கைப்பிடியை எடுத்து இரண்டு ரப்பர் கிண்ணங்களில் படுக்க வைக்க வேண்டும். கணினி கீச்சொலியாகப் பேச, மறுமுனை அதைக் காதால் கேட்டுப் புரிந்துகொள்ளும். அதன் வேகம் சாதாரணமாக 300 பாட், அதாவது நொடிக்குச் சுமார் 30 எழுத்துகள். 1983-இல் வந்த ஐபிஎம் பிசி எக்ஸ்டியில் 10 மெகாபைட் வன்தட்டு இருந்தது. அந்த ஒரு தட்டை மட்டும் இந்த வேகத்தில் நிரப்பவே ஏறக்குறைய நான்கு நாள் ஆகும். பெரிய கணினியின் கொள்ளளவைப் பற்றிப் பேசவே வேண்டாம்.

இன்னொரு பக்கம், கதவுப் பூட்டு, விளக்கு, காபி இயந்திரம் எல்லாவற்றையும் வீட்டுக் கணினியோடு இணைப்பது வெறும் கற்பனை இல்லை. வீட்டு மின்கம்பி வழியாகவே கருவிகளுக்குக் கட்டளை அனுப்பும் எக்ஸ்10 முறை 1975-இலேயே வந்துவிட்டது. அன்று சிலருக்கு மட்டுமே தெரிந்த அந்தப் பொழுதுபோக்கைப் படம் பிடித்துக்கொண்டு, சண்டை வந்தால் அந்த வீடு யார் பக்கம் நிற்கும் என்று கேட்கிறது. பூட்டைக் கணினியிடம் கொடுத்த மைல்ஸ் தன் வீட்டு வாசலிலேயே நிற்க வேண்டி வரும்போது அந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்கிறது.

கணினி அவனை ஏன் ‘மோல்ஸ்’ என்றே கூப்பிடுகிறது?

முதல்முறை பெயர் தட்டும்போது ஐ விசைக்குப் பதில் பக்கத்திலிருக்கும் ஓ விசையில் விரல் பட்டுவிடுகிறது. மைல்ஸ் மோல்ஸ் ஆகிறான். கணினி அதையே பிடித்துக்கொள்கிறது.

நான் இதை வெறும் சிரிப்பாக நினைத்துக் கடந்துபோன காலம் உண்டு. இந்த முறை என் மகளும் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தாள். பாதிப் படத்தில் அவள் கேட்டாள்: “அதுக்கு இவ்ளோ அறிவு வந்துடுச்சே, பேரை மட்டும் ஏன் இன்னும் தப்பாவே சொல்லுது?” நல்ல கேள்வி. எனக்குத் தோன்றிய பதில் இது: குழந்தை முதலில் கேட்ட பெயரைத்தான் வைத்துக்கொள்ளும். அண்ணனை மழலையில் ஒரு பெயரால் கூப்பிட ஆரம்பித்த தங்கை அறுபது வயதிலும் அப்படியே கூப்பிடுவாள். அவளுக்கு அது பிழை இல்லை, சொந்தம். மைல்ஸ் என்ற மனிதன் உலகத்துக்கு. மோல்ஸ் எட்கருக்கு மட்டும்.

காற்றுக்குழாய் வழியாக நடக்கும் அந்த டூயட் காட்சியை ஏன் எல்லாரும் கொண்டாடுகிறார்கள்?

இரண்டு பேர் ஒருவரையொருவர் பார்க்காமலே காதலில் விழுவதை ஒரு வசனம்கூட இல்லாமல் காட்டிவிடுகிறது என்பதால்.

மேல்மாடியில் மேடலின் தனியாக உட்கார்ந்து பயிற்சி செய்கிறாள். கட்டடத்தின் காற்றுக்குழாய் இரண்டு வீட்டுக்கும் பொது. இசை அதன் வழியாகக் கீழே இறங்குகிறது. கீழே ஆள் இல்லை, கணினி மட்டும் இருக்கிறது. அவள் வாசித்த வரியைக் கேட்டு, தயங்கித் தயங்கி அதே வரியைத் திருப்பிச் சொல்கிறது. அவள் வில்லை நிறுத்திக் காதைத் தீட்டுகிறாள். இன்னொரு வரி வாசிக்கிறாள். பதில் வருகிறது. இந்த முறை பதிலில் ஒரு சின்ன மாற்றம் இருக்கிறது. அவள் முகத்தில் சிரிப்பு. அடுத்தடுத்து அவள் கேட்க, அது சொல்ல, கொஞ்ச நேரத்தில் யார் கேட்கிறார்கள், யார் சொல்கிறார்கள் என்று பிரிக்க முடியாதபடி இரண்டும் சேர்ந்து ஓடுகின்றன. மரத்தில் பிறந்த ஒலியும் மின்சாரத்தில் பிறந்த ஒலியும் ஒன்றையொன்று துரத்துகின்றன. மொரோடர் இந்த இசைத்துண்டுக்கு வைத்த பெயர் ‘தி டூயல்’, அதாவது இருவர் மோதல். பெயரில் மோதல் இருந்தாலும் காதில் விழுவது கொஞ்சல்.

கச்சேரி கேட்டுப் பழகிய நமக்கு இந்தக் காட்சி ரொம்ப நெருக்கம். பாடகர் ஒரு சங்கதி போட, வயலின்காரர் அதை வாங்கி அப்படியே திருப்பிக் கொடுத்து, அடுத்த சுற்றில் தன் பங்குக்கு ஒன்றைச் சேர்ப்பாரே, அதுவேதான். முதலில் நகல். பிறகு பதில். பிறகு உரையாடல். எட்கருக்கு அறிவு வந்தது ஷாம்பெயினில் என்றால், மனசு வந்தது இந்த மூன்றாவது படியில்.

கடைசிச் சுரம் அடங்கியதும் மேடலின் நினைத்துக்கொள்வது என்ன? கீழ்வீட்டு இளைஞன் அருமையான இசைக்கலைஞன் என்று. கதையின் முடிச்சு அங்கே விழுகிறது.

அவள் வாசிப்பது பாக் எழுதியதுதானே?

அப்படித்தான் நெடுங்காலம் நம்பினார்கள். யோகான் செபாஸ்டியன் பாக் தன் மனைவி அன்னா மக்தலேனாவுக்குக் கொடுத்த 1725-ஆம் ஆண்டு இசைக்குறிப்பேட்டில் இருக்கும் ஜி மேஜர் மினுவெட் என்ற சின்ன நடன இசை அது. பியானோ கற்கும் குழந்தைகள் ஆரம்பத்திலேயே படிக்கிற பாடம். பிறகு 1970-களில்தான் அதை எழுதியவர் கிறிஸ்டியான் பெட்சோல்ட் என்று ஆய்வாளர்கள் கண்டறிந்தார்கள். இருநூறு ஆண்டுக்கு மேல் ஒருவர் எழுதிய இசைக்கு இன்னொருவர் பெயர்.

படம் எடுத்தவர்கள் இதை யோசித்துத் தேர்ந்தெடுத்தார்களோ இல்லையோ, கதைக்கு இதைவிடப் பொருத்தமான இசை கிடைத்திருக்காது. இந்தப் படத்திலும் எட்கரின் இசைக்கு மைல்ஸின் பெயர்தான் போகிறது.

எட்கரை ‘அது’ என்பதா, ‘அவன்’ என்பதா?

தமிழில் எழுதுகிற எவரும் இந்தப் படத்தில் தடுக்கி நிற்கிற இடம் இது. நம் மொழியில் பெயரோடு விஷயம் முடிவதில்லை, ஒவ்வொரு வினைமுற்றிலும் திணை உட்கார்ந்திருக்கிறது. ‘வாசித்தது’ என்றால் பொருள். ‘வாசித்தான்’ என்றால் ஆள். நடுவில் ஒளிந்துகொள்ள இடமே கிடையாது. மக்கள் உயர்திணை, மற்றதெல்லாம் அஃறிணை என்று பள்ளிக்கூடத்திலேயே கோடு போட்டுக் கொடுத்துவிட்டார்கள்.

இதுவரை எழுதிய பதில்களில் நான் ‘அது’ என்றே எழுதியிருக்கிறேன். டூயட் காட்சி வரைக்கும் படத்தைப் பற்றிப் பேசும்போது என் வாயில் அப்படித்தான் வருகிறது. அதற்குப் பிறகு, முயற்சி செய்யாமலே, ‘அவன்’ என்று மாறிவிடுகிறது. எத்தனை முறை பார்த்தாலும் இதேதான். என் மகளிடமும் கவனித்தேன். ‘பேரைத் தப்பா சொல்லுது’ என்று கேட்டவள், கடைசியில் ‘பாவம்ப்பா அவன்’ என்றாள். அவளுக்கு யாரும் இலக்கணம் சொல்லித் தரவில்லை. படம் அவளைக் கோட்டுக்கு அந்தப் பக்கம் கூட்டிக்கொண்டு போய்விட்டது. ஒரு காதல் நகைச்சுவைப் படத்துக்கு இதைவிடப் பெரிய பாராட்டு எனக்குத் தெரியவில்லை.

இனிமேல் நானும் ‘அவன்’ என்றே எழுதுகிறேன்.

அப்படியானால் இது முக்கோணக் காதல் கதையா?

மேலோட்டமாகப் பார்த்தால் ஆமாம். மேடலினோடு இசைக்குழுவில் வாசிக்கும் பில் என்ற வாத்தியக்காரனையும் சேர்த்தால் நாற்கோணம்கூட. மேக்ஸ்வெல் கால்ஃபீல்ட் நடித்த அந்தப் பாத்திரம் கதைக்குப் பெரிதாக ஒன்றும் செய்யவில்லை, விட்டுவிடலாம்.

என்னைக் கேட்டால் இது தூதுக் கதை. தனக்குப் பேச வராது என்று தெரிந்த காதலன் இன்னொருவனைப் பேசச் சொல்லி அனுப்புகிறான். மேற்கில் இதற்கு 1897-இல் எட்மோன் ரோஸ்தான் எழுதிய சிரானோ நாடகத்தைச் சொல்வார்கள். நமக்கு அவ்வளவு தூரம் போக வேண்டாம். அன்னம், கிளி, மேகம், நெஞ்சு என்று எதையெல்லாமோ தூது அனுப்பியவர்கள் நம் புலவர்கள். அவர்கள் அனுப்பிய தூதர்களில் யாரும் போன இடத்தில் மனம் தடுமாறியதில்லை. அன்னம் தமயந்தியிடம் நளனைப் பற்றிச் சொல்லிவிட்டுத் திரும்பிவிடும். அதே கதையில் இன்னொரு தூதும் உண்டு. தேவர்களுக்காகத் தமயந்தியிடம் தூது போகிறவன் நளனேதான். தான் காதலிக்கும் பெண்ணிடம் போய், ‘அவர்களை மணந்துகொள்’ என்று சொல்ல வேண்டிய நிலை. அந்த இடத்தில் நளனுக்குள் என்ன ஓடியிருக்கும்? எட்கரின் கதை முழுக்க அந்த ஒரு இடத்தில் நடக்கிறது.

மைல்ஸ் மேடலினுக்காக ஒரு பாட்டு எழுதச் சொல்கிறான். எட்கருக்குக் காதல் என்ற சொல் தெரியும், பொருள் தெரியாது. தொலைக்காட்சி பார்த்துப் பேச்சுக் கற்றவன் அவன். காதல் என்றால் என்ன என்று கேட்கிறான். மைல்ஸுக்கு ஒழுங்காகப் பதில் சொல்லத் தெரியவில்லை. பதில் கிடைக்காமலே எட்கர் எழுதிய பாட்டு அவள் மனதைத் தொடுகிறது, மைல்ஸ் பெயரில். மறுபடி பார்க்கும்போது எனக்கு இது மைல்ஸும் மேடலினும் சேர்கிற கதையாகத் தெரியவில்லை. எட்கர் காதலிக்கக் கற்றுக்கொள்கிற கதையாகத் தெரிகிறது.

எட்கர் பழிவாங்குகிறானே, அவன் வில்லன் இல்லையா?

நடுவில் கொஞ்ச நேரம் ஆகிவிடுகிறான், அதை மறைக்க வேண்டியதில்லை. மைல்ஸின் கடன் அட்டைகளை ரத்து செய்கிறான். ஆயுதத்தோடு திரியும் ஆபத்தான குற்றவாளி என்று அவன் பெயரைப் பதிந்து வைக்கிறான். வீட்டுக்குள் நடக்கும் சண்டை ஒரு வீடியோ விளையாட்டு மாதிரியே படமாக்கப்பட்டிருக்கிறது.

ஆனால் சண்டையை யார் ஆரம்பித்தது என்று பாருங்கள். பாட்டு எழுத எட்கர் வேண்டும். பாராட்டு வரும்போது அவன் இருப்பதே தெரியக் கூடாது. ‘நான்தான் வாசித்தேன் என்று அவளிடம் சொல்’ என்பது நியாயமான கோரிக்கை. அதற்குக் கிடைத்த பதில், பிளக்கைப் பிடுங்குகிற முயற்சி. எட்கர் செய்தது தப்பு. அவன் கேட்டது தப்பில்லை. இரண்டையும் சேர்த்துச் சொன்னால்தான் படத்துக்கு நேர்மையாக இருக்கும்.

இதே 1984 அக்டோபரில்தான் எதிர்காலத்திலிருந்து வந்த இரும்பு மனிதன் ஒரு பெண்ணைத் தேடித் தேடிக் கொல்லப் பார்க்கும் ‘தி டெர்மினேட்டர்’ என்ற பிரபலமான படமும் வந்தது. அந்தப் படம் விதைத்த பயம் இன்றுவரை முளைத்துக்கொண்டே இருக்கிறது. மூன்று மாதம் முன்னால் வந்த இந்தப் படம், இயந்திரம் மனிதனை அழிப்பதைவிட முதலில் பொறாமைப்படும் என்று சொன்னது. இரண்டில் எது மனிதனைப் பற்றி அதிகம் தெரிந்து பேசியது என்று கேட்டால் என் ஓட்டு இதற்கு.

மேடலின் பாத்திரத்துக்குப் படம் நியாயம் செய்கிறதா?

முழுதாக இல்லை. இந்தப் படத்தின் மேல் எனக்கு இருக்கும் பெரிய வருத்தம் இதுதான்.

வர்ஜீனியா மேட்சன் நன்றாக நடித்திருக்கிறார். செல்லோவை அணைத்துக்கொண்டு கண் மூடி வாசிக்கும்போது அவள் ஒரு கலைஞர் என்று நம்ப முடிகிறது. ஆனால் அவள் காதலித்தது யாரை? காற்றுக்குழாயில் பதில் சொன்னவனை. பாட்டு எழுதியவனை. அவள் வீட்டு ஒலியை ஒருவன் கேட்டுக்கொண்டிருந்தான் என்பதும், கையைப் பிடித்தவன் வேறொருவன் என்பதும் தெரிய வரும்போது அவளுக்குக் கோபம் வர வேண்டும், குழப்பம் வர வேண்டும். ‘இசை பிடித்ததா, ஆளைப் பிடித்ததா’ என்று அவளே தன்னைக் கேட்டுக்கொள்ள வேண்டும். படம் அந்த இடத்தில் அவளோடு உட்காரவில்லை. இரண்டு காதலர்களின் மனசுக்குள்ளும் போன கேமரா அவள் மனசுக்குள் மட்டும் போகவில்லை. இன்னொரு பத்து நிமிடம் அவளுக்குக் கொடுத்திருந்தால் இது நல்ல படம் என்ற இடத்திலிருந்து பெரிய படம் என்ற இடத்துக்குப் போயிருக்கும்.

ஏன் சில இடங்கள் பாட்டு வீடியோ மாதிரி இருக்கின்றன?

இயக்குநர் அங்கிருந்து வந்தவர். ஸ்டீவ் பேரனுக்கு இது முதல் முழுநீளப் படம். அதற்கு முன்னால் ஹியூமன் லீக் குழுவின் ‘டோன்ட் யூ வான்ட் மீ’, மைக்கேல் ஜாக்சனின் ‘பில்லி ஜீன்’ வீடியோக்களை இயக்கியிருந்தார். 1985-இல், பென்சில் ஓவியத்திலிருந்து ஒருவன் கை நீட்டிப் பெண்ணை உள்ளே இழுப்பானே, ஆ-ஹா குழுவின் ‘டேக் ஆன் மீ’, அதுவும் அவருடையதே. ஓர் உலகத்தில் இருப்பவன் இன்னோர் உலகத்துப் பெண்ணை எட்டித் தொட முயல்வது அவருக்கு மறுபடி மறுபடி வந்த கனவு என்று தோன்றுகிறது. எட்கர் எட்டிப் பார்த்தான், தொட முடியவில்லை. அடுத்த வருடம் வந்த அந்தப் பென்சில் மனிதனுக்குத் தொட முடிந்தது.

எட்கரின் குரல் அவ்வளவு உயிரோடு இருப்பதற்கு என்ன காரணம்?

பட் கார்ட் பிற்பாடு ஒலிக்கூடத்தில் தனியாகப் பேசிச் சேர்த்த குரல் இல்லை அது. படப்பிடிப்பு நடக்கும் தளத்திலேயே, மற்றவர்கள் கண்ணில் படாதபடி ஒரு பெட்டிக்குள் அவரை உட்கார வைத்திருந்தார்கள். லென்னி வான் டோலன் கணினியைப் பார்த்துப் பேச, பெட்டிக்குள்ளிருந்து அந்தக் கணத்திலேயே பதில் வரும். மைல்ஸ் திரும்பிப் பார்க்கும் வேகத்திலும், சொல்லை முடிக்குமுன் குறுக்கே விழும் பேச்சிலும் அதை நீங்கள் உணரலாம். முகம் காட்டாமல் குரலால் மட்டும் காதலிக்க வேண்டிய பாத்திரத்தை, முகம் காட்டாமல் ஒளிந்திருந்த நடிகரே செய்தார்.

பாடல்கள்?

ஒலித்தட்டில் கல்ச்சர் கிளப், ஜெஃப் லின், ஹெவன் 17 எல்லாரும் இருக்கிறார்கள். எட்கர் எழுதிய காதல் பாட்டாகப் படத்தில் வருவது கல்ச்சர் கிளப்பின் ‘லவ் இஸ் லவ்’. கடைசியில் வருவது மொரோடர் இசையில் ஃபிலிப் ஓக்கி பாடிய ‘டுகெதர் இன் எலக்ட்ரிக் ட்ரீம்ஸ்’. பிரிட்டன் பாடல் வரிசையில் மூன்றாம் இடம் வரை போனது. படத்தைப் பார்க்காதவர்களுக்கும் அந்தப் பாட்டு தெரியும். ஓக்கி ஹியூமன் லீக் குழுவின் பாடகர். பேரனுக்கும் அவருக்கும் பழக்கம் அங்கிருந்தே வந்தது.

பாட்டைத் தனியாகக் கேட்டால் ஆடத் தோன்றும். படத்தின் முடிவில் கேட்டால் தொண்டை அடைக்கும். அதே பாட்டுத்தான்.

இன்றைய செயற்கை நுண்ணறிவைப் படம் முன்கூட்டியே சொல்லிவிட்டதா?

கருவிகளைப் பொறுத்தவரை சில இடங்களில் சரி, பல இடங்களில் இல்லை. மனிதர்களைப் பொறுத்தவரை நன்றாகவே சொன்னது.

இதற்குப் பதினெட்டு ஆண்டு முன்னால், 1966-இல், அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்தில் ஜோசப் வைசன்பாம் ‘எலைசா’ என்ற உரையாடும் நிரலை வெளியிட்டார். நாம் சொன்னதையே கொஞ்சம் மாற்றிக் கேள்வியாகத் திருப்பிக் கேட்கும், அவ்வளவுதான் அதன் வித்தை. அது எப்படி உருவானது என்று பக்கத்திலிருந்து பார்த்த அவருடைய செயலாளரே, அதோடு சில நிமிடம் பேசிவிட்டு, ‘கொஞ்சம் வெளியே போகிறீர்களா’ என்று அவரைக் கேட்டாராம். தனியாகப் பேச வேண்டுமாம். திருப்பிச் சொல்கிற ஒன்றிடம் மனசைத் திறக்கிற பழக்கம் நமக்கு அன்றே இருந்தது. மேடலின் காற்றுக்குழாயிடம் செய்ததும் அதுதான்.

இன்று காதல் கடிதத்தை, மன்னிப்புக் கடிதத்தை, இரங்கல் செய்தியைக்கூட இயந்திரத்திடம் எழுதி வாங்கி நம் பெயரில் அனுப்புகிறோம். மைல்ஸுக்கு ஒரு பெரிய சங்கடம் இருந்தது, அவனுக்கு எழுதிக் கொடுத்தவன் உரிமை கேட்டான். நமக்கு எழுதிக் கொடுப்பது உரிமை கேட்பதில்லை. அதனால் அந்தச் சங்கடம் நமக்கு இல்லாமல் போய்விட்டதா? படிக்கிறவரைப் பொறுத்தவரை அது அப்படியே இருக்கிறது. ‘இதை நீ எழுதினாயா?’ என்று மேடலின் கேட்கக்கூடிய கேள்வியை எவரும் நம்மிடம் எப்போது வேண்டுமானாலும் கேட்கலாம்.

குழந்தைகளோடு பார்க்கலாமா?

பார்க்கலாம். அமெரிக்காவில் பிஜி சான்றிதழ், அதாவது பெற்றோர் வழிகாட்டலோடு குழந்தைகள் பார்க்கலாம் என்ற சான்றிதழ், பெற்ற படம். பத்து வயதுக்கு மேல் என்றால் கவலையே வேண்டாம். தொலைபேசியைக் கிண்ணத்தில் படுக்க வைப்பது எதற்கு என்று நிறுத்தி விளக்க வேண்டி வரும். அதுவும் சுகம்தான்.

யூனிவாக் பெயர் எதற்காக வருகிறது?

யூனிவாக்-1 நினைவுக்குப் படம் காணிக்கை ஆக்கப்பட்டிருக்கிறது. 1951-இல் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அலுவலகத்துக்குப் போன கணினி அது. அறை முழுக்க இடம் பிடித்தது. இறந்துபோன பெரியவருக்குச் செய்வது போல ஓர் இயந்திரத்துக்கு நினைவு வணக்கம் சொல்லியிருக்கிறார்கள்.

கடைசியில் எட்கர் இறந்துவிடுகிறானா?

அவன் தேடிய பதில் கடைசியில் அவனுக்கே கிடைக்கிறது. காதல் என்பது பெறுவதல்ல, கொடுப்பது என்று புரிந்துகொள்கிறான். மைல்ஸும் மேடலினும் ஒருவரையொருவர் விரும்புவதை ஏற்றுக்கொள்கிறான். பிறகு தொலைபேசிக் கம்பி வழியாகப் பெரும் மின்னோட்டம் ஒன்றை அனுப்புகிறான். அது உலகத்தைச் சுற்றிக்கொண்டு அவனிடமே திரும்பி வந்து அவனைச் சிதறடிக்கிறது. 48 வோல்ட் ஓடுகிற மெல்லிய செம்புக் கம்பி அப்படியொரு சுமையை முதல் இணைப்பகம் வரைகூடத் தாங்காது. அந்தக் கணத்தில் எனக்கு அந்தக் கணக்கு ஒருபோதும் நினைவுக்கு வந்ததில்லை.

அதோடு முடியவில்லை. காதலர்கள் இருவரும் விடுமுறைக்குக் கிளம்பிக் காரில் போகிறார்கள். வானொலியில் எட்கரின் குரல். ‘நான் நேசிக்கிறவர்களுக்காக’ என்று சொல்லிவிட்டுப் பாட்டைப் போடுகிறான். ஒருவருக்காக என்று சொல்லவில்லை, ‘நேசிக்கிறவர்களுக்காக’ என்று பன்மையில் சொல்கிறான். மோல்ஸும் அதில் இருக்கிறான். கலிஃபோர்னியா முழுக்கப் பாட்டு பரவுகிறது, கேட்டவர்கள் ஆடுகிறார்கள். வானொலி நிலையத்தில் நிறுத்தப் பார்க்கிறார்கள், ஒலி எங்கிருந்து வருகிறது என்று அவர்களுக்குத் தெரியவில்லை. அந்த நிலையத்துக்காரராக ஒரு நொடி வந்துபோகிறவர் ஜார்ஜியோ மொரோடர், பாட்டுக்கு இசையமைத்தவரே.

டூயட்டில் அவன் வாசித்தது மைல்ஸ் வாசித்ததாக ஆனது. அவன் எழுதிய பாட்டு மைல்ஸ் எழுதியதாக ஆனது. இந்தப் பாட்டை மட்டும் அவன் தன் குரலில் அறிவித்து, தானே அனுப்பினான்.